பன்னிரண்டு நாளில் தீரும் எண்ணெய்ப் போத்தல்

கேள்வி:

"எனக்கு 44 வயது. வெள்ளவத்தையில் இருக்கிறோம். கோட்டையில் ஓர் அலுவலகத்தில் வேலை. அண்மையில் செய்த இரத்தப் பரிசோதனையில் எல்.டி.எல். (கெட்ட கொலஸ்ட்ரோல்) 158 என்று வந்தது. வைத்தியர், 'மருந்து இப்போதைக்கு வேண்டாம், மூன்று மாதம் சாப்பாட்டைக் கவனித்து ஐந்து கிலோ குறைத்துக்கொண்டு வாருங்கள்' என்றார். அன்றிலிருந்து இரவில் சோறு, இடியப்பம் எல்லாம் விட்டுவிட்டு சலாது மட்டும்தான். மேலே ஒலிவ் எண்ணெயும் ஆப்பிள் வினாகிரியும் விடுவேன். மயோனைஸ் பக்கம் போவதே இல்லை. தொலைபேசியில் உள்ள கலோரிச் செயலியில் 'எண்ணெய், வினாகிரி ட்ரெசிங், ஒரு மேசைக்கரண்டி, 72' என்று ஒவ்வொரு நாளும் பதிகிறேன். மகளின் செயலியில் பார்த்தால் 120. இன்னொன்றில் 45. எது சரி? ஏழு வாரத்தில் எடை 600 கிராம்தான் இறங்கியிருக்கிறது. லண்டனில் இருக்கும் மச்சாள் ஒலிவ் எண்ணெய் உடம்பில் ஒட்டாது என்கிறாள். எண்ணெயை அடியோடு விட்டுவிட்டு வினாகிரியை மட்டும் ஊற்றட்டுமா? அல்லது தேங்காய் எண்ணெய்க்கே திரும்பட்டுமா? ஒலிவ் எண்ணெய் விலை தாங்க முடியவில்லை. நான் ஒருத்தி மட்டும் பாவிக்கிற 500 மில்லிலீற்றர் போத்தல் பன்னிரண்டு நாளில் தீர்ந்துபோகிறது. இரவு பத்து மணிக்குப் பசி வேறு."

பெயர் வெளியிட விரும்பாத வாசகி, கொழும்பு 6

பதில்:

அன்புள்ள சகோதரி,

நீங்கள் கேட்ட கேள்விகளை விட, விலையைப் பற்றி முறையிட்டபோது போகிற போக்கில் எழுதிய ஒரு வரிதான் என்னைப் பிடித்து நிறுத்தியது. 500 மில்லிலீற்றர் போத்தல், ஓர் ஆள், பன்னிரண்டு நாள். கல்குலேட்டரை எடுத்தேன். நாளொன்றுக்கு ஏறக்குறைய 42 மில்லிலீற்றர் வருகிறது. ஒரு மேசைக்கரண்டி என்பது 15 மில்லிலீற்றர். அப்படியானால் நீங்கள் விடுவது ஒரு கரண்டி அல்ல, கிட்டத்தட்ட மூன்று.

எண்ணெய் தண்ணீரை விடச் சற்று இலேசானது. 42 மில்லிலீற்றர் எடுத்தால் 38 கிராம் அளவில் நிற்கும். எண்ணெயில் தண்ணீர், மாச்சத்து, புரதம் எதுவும் இல்லை, முழுக்கக் கொழுப்பு. கிராமுக்கு ஏறக்குறைய 9 கலோரி. ஆக, உங்கள் சலாதின் மேல் ஒவ்வொரு இரவும் 340 கலோரி அளவு எண்ணெய் இறங்குகிறது. நீங்கள் பதிந்து வைத்திருப்பது 72. (கலோரி என்று நாம் பேச்சில் சொல்வது கிலோகலோரியைத்தான். வெளிநாட்டுப் போத்தல்களில் கிலோஜூலும் போட்டிருப்பார்கள். 100 மில்லிலீற்றருக்கு 3,400 அளவில் ஓர் எண்ணைக் கண்டு பயப்படாதீர்கள், 4.2 ஆல் பிரித்தால் நம் கணக்கு வந்துவிடும்.)

340 கலோரி எவ்வளவு என்று கேட்டால், சமைத்த வெள்ளைச் சோறு 260 கிராம். நடுத்தரக் கோப்பையில் ஒரு கோப்பைக்கு மேல். இரவில் நீங்கள் கைவிட்ட சோறு அந்தப் பச்சை நிறப் போத்தலுக்குள் இருந்து திரும்பி வந்து உட்கார்ந்திருக்கிறது. சலாதில் உள்ள மரக்கறிகளைக் குறை சொல்ல ஒன்றுமில்லை: கெக்கரிக்காய் 100 கிராமில் 15 கலோரி, தக்காளியில் 18, சலாது இலையில் 15 அளவில், கரட்டில் 41. கோப்பை நிறைய வெட்டிப் போட்டாலும் 70, 80ஐத் தாண்டுவது கஷ்டம். மேலே விடுவதுதான் கோப்பைக்குள் இருப்பதைப் போல நான்கு மடங்கு.

ஏழு வாரம் என்றால் 49 இரவு. பதிந்ததற்கும் விட்டதற்கும் இடையில் ஓர் இரவுக்கு 270 கலோரி வித்தியாசம்; கூட்டினால் 13,000க்கு மேல். ஒரு கிலோ கொழுப்புக்கு 7,700 கலோரி என்கிற பழைய கணக்கில் போட்டால் ஒன்றே முக்கால் கிலோ அளவு. உடம்பு கணக்குப்பிள்ளை அல்ல, இவ்வளவு நேராக நடக்காது. ஆனாலும் உங்கள் தராசு ஏன் அசையவில்லை என்பதில் எனக்குப் பெரிய மர்மம் எதுவும் தெரியவில்லை.

இதற்காக உங்களை நீங்களே நொந்துகொள்ள வேண்டாம். ஆலோசனைக்கு வருகிறவர்களிடம் நான், "வீட்டில் நீங்கள் 'ஒரு கரண்டி' என்று சொல்கிற கரண்டியைக் கொண்டுவாருங்கள்" என்று கேட்பேன். ஒருவர் சோறு சாப்பிடுகிற கரண்டி கொண்டுவருவார், இன்னொருவர் பருப்புக்கறி அள்ளுகிற கரண்டி. சிலர் கரண்டியே கொண்டுவர மாட்டார்கள். கையை ஒரு சுற்றுச் சுற்றிக் காட்டி, "இப்படித்தான் விடுவேன்" என்பார்கள். ஒலிவ் எண்ணெய்ப் போத்தலின் வாயும் அப்படி, மெல்லிய நூலாக ஓடும்போது எவ்வளவு விழுந்தது என்று கண்ணுக்குத் தெரியாது. நானே என் சமையலறையில் கண் மட்டத்துக்கு விட்டுப் பிறகு அளந்து பார்த்து வெட்கப்பட்டிருக்கிறேன்.

அளவுக் கரண்டி வாங்க ஓடத் தேவையில்லை. பிள்ளைகள் இருந்த வீடு. அலுமாரியில் எங்காவது பாணி மருந்துப் போத்தலோடு வந்த பிளாஸ்ரிக் மூடி கிடக்கும். 5, 10 என்று கோடு போட்டிருக்கும். கழுவி எடுத்து எண்ணெய்ப் போத்தலுக்குப் பக்கத்தில் வையுங்கள். இனி எண்ணெய் போத்தலில் இருந்து நேரே கோப்பைக்குப் போகாது, அந்த மூடி வழியாகத்தான் போகும்.

இப்போது உங்கள் மூன்று எண்கள். மூன்றும் சரிதான், ஆனால் வெவ்வேறு பொருளுக்கு. 120 என்பது தனி எண்ணெய், ஒரு மேசைக்கரண்டி. 72 என்பது அமெரிக்க விவசாயத் திணைக்களத்தின் உணவுச் சத்து அட்டவணையில் 'வீட்டில் செய்த எண்ணெய், வினாகிரி ட்ரெசிங்' என்று இருக்கும் பதிவு: 16 கிராம் கொண்ட ஒரு மேசைக்கரண்டிக்கு 72, நூறு கிராமுக்கு 449. அதில் எடையில் சரிபாதி எண்ணெய் என்று வைத்துக் கணக்கிட்டிருக்கிறார்கள். உங்கள் செயலி அங்கிருந்துதான் எடுத்திருக்கும். 45 போன்ற எண்கள் கடையில் விற்கும் ட்ரெசிங்குகளுக்கு வரும். எண்ணெயைக் குறைத்து, தண்ணீரைக் கூட்டி, தடிப்பாக்கும் பசையைச் சேர்த்தால் கலோரி இறங்கத்தானே வேண்டும்.

ஆகவே 'எண்ணெய், வினாகிரி ட்ரெசிங்' என்ற பெயருக்குத் தனியாக ஒரு கலோரி கிடையாது. பிரெஞ்சுக்காரர் வழமையாகச் செய்வது மூன்று பங்கு எண்ணெய்க்கு ஒரு பங்கு வினாகிரி. அதில் ஒரு மேசைக்கரண்டி 90. சரிபாதி கலந்தால் 60. ஒரு பங்கு எண்ணெய்க்கு இரண்டு பங்கு வினாகிரி என்றால் 40ஐ ஒட்டி வரும். வினாகிரி ஒரு மேசைக்கரண்டிக்கு 3 கலோரி, அதைக் கணக்கில் எடுத்தாலும் ஒன்றுதான், விட்டாலும் ஒன்றுதான். (பல்சாமிக் வினாகிரி மட்டும் கொஞ்சம் இனிப்பு, அது 14 வரை போகும்.) செயலியில் 'ட்ரெசிங்' என்று தேடுவதை இன்றோடு விட்டுவிடுங்கள். 'ஒலிவ் எண்ணெய்' என்று மட்டும் போட்டு, மூடியால் அளந்த மில்லிலீற்றரைப் பதியுங்கள். 5 மில்லிலீற்றர் என்றால் 40. அதுவே போதும்.

போத்தலில் கலந்து வைத்துப் பாவிப்பவர்களுக்கு இன்னொரு பொறி உண்டு. எண்ணெயும் வினாகிரியும் ஐந்து நிமிடத்தில் பிரிந்து, எண்ணெய் மேலே வந்துவிடும். குலுக்காமல் சரித்தால் முதலில் விழுவது கலவை அல்ல, அசல் எண்ணெய். திங்கட்கிழமை சாப்பிட்டவருக்கு 100 கலோரி, வெள்ளிக்கிழமை அடியில் மிஞ்சியதை ஊற்றியவருக்கு வெறும் புளிப்பு.

கீரையைக் கழுவி அப்படியே ஈரத்தோடு கோப்பையில் போடுகிறீர்களா என்று நீங்கள் எழுதவில்லை. நம் வீடுகளில் பெரும்பாலும் அப்படித்தான். ஈர இலையில் எண்ணெய் ஒட்டாது, வழுக்கி அடியில் போய்த் தேங்கும். வாயில் உப்பும் இல்லை புளிப்பும் இல்லை என்று இன்னொரு சுற்று விடுவோம். துணியில் ஒற்றி எடுத்த இலைக்கு அரைவாசி எண்ணெய் போதும். அடியில் தேங்கியது உங்கள் கணக்கில் வராது என்பது உண்மைதான், பாண் துண்டால் துடைத்துச் சாப்பிடாத வரைக்கும்.

மச்சாள் சொன்னதற்கு வருகிறேன். அவர் பாதி சரி. ஒலிவ் எண்ணெய் இருதயத்துக்கு நல்லது என்ற பெயர் சும்மா வந்ததல்ல: அதில் எல்.டி.எல்.ஐ உயர்த்தும் நிரம்பிய கொழுப்பு நூற்றுக்கு 14 அளவுதான், மீதியில் பெரும்பங்கு எல்.டி.எல்.ஐ உயர்த்தாத வகை. ஆனால் நல்ல எண்ணெய் என்பது வேறு, கலோரி இல்லாத எண்ணெய் என்பது வேறு. எக்ஸ்ட்ரா வேர்ஜின், சாதாரணம், 'லைட்' என்று எழுதியது, எதை வாங்கினாலும் கரண்டிக்கு அதே 120தான். அந்த 'லைட்' நிறத்தையும் ருசியையும் குறிப்பது. கலோரி குறைவு என்று நினைத்துக் கூடுதல் விலை கொடுத்து வாங்கியவர்களை எனக்குத் தெரியும்.

தேங்காய் எண்ணெய் கலோரியில் ஒலிவ் எண்ணெயோடு சமம். ஆனால் அதன் கொழுப்பில் நூற்றுக்கு எண்பதுக்கு மேல் நிரம்பிய வகை, அது எல்.டி.எல்.ஐ உயர்த்தும். 158 உள்ள உங்களுக்கு அதைச் சலாதுக்கு நான் எழுதிக் கொடுக்க மாட்டேன். சுவைக்கும் அது சரிவராது: தேங்காய் எண்ணெய் 24 பாகை அளவில் உறையத் தொடங்கும். கொழும்பு வெக்கையில் போத்தலுக்குள் தெளிவாக ஓடிக்கொண்டிருப்பது, பிறிட்ஜில் இருந்து எடுத்த குளிர்ந்த இலையில் பட்டதும் மெழுகுத் துகளாகத் திரண்டுவிடும்.

விலைதான் பிரச்சினை என்றால் நல்லெண்ணெயைப் பாருங்கள். அதிலும் நிரம்பிய கொழுப்பு 14 அளவுதான். வெள்ளவத்தைச் சந்தைப் பக்கம் எந்தக் கடையிலும் கிடைக்கும். வாசம் தூக்கலாக இருப்பதால் ஒரு தேக்கரண்டிக்கு மேல் உங்களாலேயே விட முடியாது, இதை நான் அதன் பெரிய நன்மையாகவே எண்ணுகிறேன். தேசிக்காய்ப் புளி, நல்லெண்ணெய், கொஞ்சம் மிளகு, வெட்டிய சின்ன வெங்காயம். கெக்கரிக்காய்க்கு இதை விடப் பொருத்தமான ஒன்றை நான் சாப்பிட்டதில்லை.

எண்ணெயை அடியோடு விட வேண்டாம். கரட், தக்காளி, கீரை இவற்றில் உள்ள கரோட்டினாய்டுகள் என்னும் நிறச்சத்துகள் கொழுப்பில் கரைபவை. கொழுப்புத் துணை இல்லாமல் குடலைத் தாண்டி உள்ளே போகாது. 2004ல் அமெரிக்காவின் அயோவா மாநிலப் பல்கலைக்கழகத்தில் இதைச் சோதித்தார்கள். ஒரே மாதிரியான சலாதை மூன்று விதமான ட்ரெசிங்கோடு கொடுத்தார்கள்: எண்ணெயே இல்லாதது, 6 கிராம் எண்ணெய் உள்ளது, 28 கிராம் எண்ணெய் உள்ளது. எண்ணெய் இல்லாததைச் சாப்பிட்டவர்களின் இரத்தத்தில் கரோட்டினாய்டு ஏறியதாகவே சொல்ல முடியவில்லை. 6 கிராமுக்கு ஏறியது, 28க்கு இன்னும் ஏறியது. 28 கிராம் உங்களுக்குத் தேவையில்லை. நான் சொல்வது 10 மில்லிலீற்றர், அதாவது 9 கிராம். நம் ஊர் வல்லாரைச் சம்பலில் இந்த வேலையைத் தேங்காய்ப்பூ செய்கிறது. 30 கிராம் தேங்காய்ப்பூவிலேயே 10 கிராம் கொழுப்பு இருக்கிறது. சம்பல் வைக்கிற இரவில் எண்ணெய்ப் போத்தலைத் திறக்க வேண்டாம். சலாதுக்குள் அவகாடோவோ கஜுவோ போடுகிற நாளிலும் அப்படியே.

ஆப்பிள் வினாகிரி பற்றி அதிகம் எழுதப் போவதில்லை. 2009ல் ஜப்பானில் நடந்த ஓர் ஆய்வில் பன்னிரண்டு வாரம் தினமும் 15 அல்லது 30 மில்லிலீற்றர் வினாகிரி குடித்தவர்களுக்கு ஒன்று முதல் இரண்டு கிலோ வரை இறங்கியது. அதுவே பெரிய சாதனையல்ல. 2024ல் லெபனானில் இருந்து ஆறேழு கிலோ இறங்கியது என்று வந்து உலகப் பத்திரிகையெல்லாம் நிறைந்த ஆய்வை, புள்ளிவிபரக் கோளாறுகள் காரணமாக வெளியிட்ட இதழே 2025ல் மீளப்பெற்றுக்கொண்டது. சாப்பாட்டோடு சேரும் வினாகிரி இரத்தச் சீனி ஏறும் வேகத்தைச் சற்றுக் குறைக்கலாம், அவ்வளவுதான். தென்னங்கள்ளில் இருந்து எடுக்கும் உள்ளூர் வினாகிரி அதே புளிப்பைக் குறைந்த விலையில் தரும்போது ஆப்பிள் படம் போட்ட போத்தலுக்குக் காசைக் கொட்டுவது ஏன் என்று எனக்கு விளங்கவில்லை. வெறும் வயிற்றில் தண்ணீர் கலக்காமல் குடிக்கிற பழக்கம் இருந்தால் நிறுத்துங்கள், பல்லும் தொண்டையும் பழுதாகும்.

இனி, கோப்பையில் என்ன செய்வது. வெறுமையான ஜாம் போத்தல் ஒன்றை எடுங்கள். எண்ணெய் 10 மில்லிலீற்றர், வினாகிரி அல்லது தேசிக்காய்ப் புளி 15 மில்லிலீற்றர், தண்ணீர் ஒரு மேசைக்கரண்டி, அரைத்த கடுகு அரைத் தேக்கரண்டி, நசுக்கிய உள்ளிப்பூண்டு ஒரு பல்லு, உப்பு, மிளகுதூள். மூடி, கை வலிக்கக் குலுக்குங்கள். கடுகு எண்ணெயையும் புளியையும் பிடித்து வைத்திருக்கும், உடனே பிரியாது. மலே அச்சாறு செய்கிறவர்களுக்குக் கடுகும் வினாகிரியும் சேர்ந்தால் எவ்வளவு ருசி என்பதை நான் சொல்லித்தர வேண்டியதில்லை. அந்தக் காரம் வந்தால் எண்ணெய் குறைந்தது நாக்குக்குத் தெரியாது. புளிப்புக் கூடிப்போனால் சீனி போடாமல், நன்கு பழுத்த தக்காளி ஒன்றைக் கையால் பிசைந்து விடுங்கள். எல்லாம் சேர்த்து 100 கலோரி அளவில்தான் வரும்.

பெரிய பாத்திரத்தில் முதலில் இந்தக் கலவையை விட்டு, மேலே ஒற்றி எடுத்த இலையைப் போட்டுக் கையால் பிரட்டுங்கள். மேலே ஊற்றினால் ஒரு பக்கம்தான் நனையும். சாப்பிடுகிற நேரத்தில்தான் இதைச் செய்ய வேண்டும். எண்ணெய் பட்ட இலை சீக்கிரம் வாடிவிடும். வெளியில் சாப்பிடும்போது ட்ரெசிங்கை வேறாகக் கிண்ணத்தில் கேளுங்கள், முள்ளுக்கரண்டியின் நுனியை அதில் தொட்டு இலையைக் குத்தினால் கிண்ணத்தில் பாதி மிஞ்சும்.

பத்து மணிப் பசி. இது எண்ணெயால் வருவதல்ல, சலாதில் புரதம் இல்லாததால் வருவது. எண்ணெயில் மிச்சம் பிடித்த 250 கலோரியில் கொஞ்சத்தை இங்கே செலவழியுங்கள். காலிமுகத்திடலில் கடற்காற்றில் நின்று சாப்பிடுகிறோமே அந்தக் கடலை, தாளிக்காமல் அவித்தது, 100 கிராம் போட்டால் 164 கலோரி, 9 கிராம் புரதம். இல்லையென்றால் அவித்த முட்டை, எண்ணெய் வடித்த ரின்மீன். அப்படியும் பசித்தால் ஒரு இடியப்பம் சாப்பிட்டுவிட்டுப் படுங்கள், பசியோடு படுத்து பிஸ்கட் பெட்டியைத் தேடி எழும்புவதை விட அது நல்லது. இடியப்பம் உங்கள் எதிரி என்று உங்கள் வைத்தியர் சொன்னதாகக் கடிதத்தில் இல்லையே.

மூன்று மாதம் முடிந்ததும் மறுபரிசோதனைக்குக் கட்டாயம் போங்கள். எடை இறங்கியும் எல்.டி.எல். இறங்காதவர்களும் உண்டு, பரம்பரை, தைரொயிட் என்று வேறு காரணங்கள் இருக்கலாம், அதை வைத்தியர்தான் பார்க்க வேண்டும்.

அடுத்த எண்ணெய்ப் போத்தலைத் திறக்கிற அன்று அதன் வயிற்றில் ஒரு ஸ்ரிக்கர் ஒட்டி, திகதியை எழுதி வையுங்கள். நாளுக்கு 10 மில்லிலீற்றர் என்றால் அது ஐம்பது நாள் வர வேண்டும். முப்பதாம் நாளே தீர்ந்துவிட்டால் எனக்கு எழுதுங்கள். முதலில் வீட்டில் வேறு யார் அந்தப் போத்தலைத் தூக்குகிறார்கள் என்று மெல்ல விசாரித்துவிட்டு.